தெளிந்தவனுக்கு ஒரு வேலை

"அந்த ஆஸ்பத்திரிக்குள்ள நீங்க கால் வச்சேள்னா, அப்புறம் நான் இந்தாத்துல இருக்க மாட்டேன். சொல்லிட்டேன்."

சமையலறை ஜன்னல் வழியாக விஜயலக்ஷ்மியின் குரல் பின்பக்கம் வரைக்கும் கேட்டது. இரும்புச் சுருள் படியைப் பெருக்கிக்கொண்டிருந்த கோமதியம்மாள் கையை நிறுத்தினாள். மேலே ஏறவும் முடியவில்லை, கீழே இறங்கவும் மனம் வரவில்லை. இன்றைக்கு அந்த வீட்டுக்காரர் வராவிட்டால் இன்னும் ஒரு மாதம் காத்திருக்க வேண்டும். பார்வையாளர்களை அங்கே மாதத்துக்கு ஒரு ஞாயிற்றுக்கிழமைதான் உள்ளே விடுகிறார்கள்.

"மெதுவாப் பேசேன். அவ பின்னாடி நின்னுண்டிருக்கா" என்றார் சந்திரமௌலி.

"கேக்கட்டுமே. கம்பவுண்டு பெருக்கறவளோட ஆம்படையானுக்குப் பைத்தியம் பிடிச்சா நீங்கதான் போய் நிக்கணுமா? பம்பாய்ல வேற மனுஷாளே இல்லையா?"

"அவன் பேசறது அங்கே ஒருத்தருக்கும் புரியலையாம். தமிழும் இங்கிலீஷும் தெரிஞ்சவா ஒருத்தர் வேணும். ரெண்டு வார்த்தை எடுத்துச் சொல்லிட்டு வந்துடறேன். இதுல என்ன குறைஞ்சு போயிடப் போறது?"

"என்ன குறைஞ்சு போயிடுமா? எங்காத்துல அத்தை ஒருத்தியை, சாமான் வைக்கற உக்ராண உள்ளுல வச்சுப் பூட்டியிருந்தா. என்னைப் பொண் பாக்க வந்தவா ஒவ்வொருத்தரும் அந்தக் கதவைத்தான் மொதல்ல பாத்தா. அந்த அவமானம் எனக்குத் தெரியும், உங்களுக்குத் தெரியாது. இப்போ நம்ம ஷ்யாமளா ஜாதகம் வெளியில போயிருக்கு. பைத்தியக்கார ஆஸ்பத்திரி வாசல்ல உங்களை ஒருத்தன் பாத்தாப் போறும்."

உள்ளே அலமாரி திறந்து மூடும் சத்தம். முன்பக்கத்துப் படியில் செருப்புச் சத்தம் இறங்கியது. கோமதி துடைப்பத்தை மூலையில் சாய்த்துவிட்டுப் பின்பக்கமாகவே இறங்கி, கட்டடத்தைச் சுற்றிக்கொண்டு வாசலுக்கு ஓடினாள்.

மாதுங்காவின் அந்தக் கட்டடத்தில் இரண்டு படிகள் இருந்தன. முன்பக்கத்துக் கல்படி குடியிருப்பவர்களுக்கு. பின்பக்கத்து இரும்புப் படி குப்பை எடுப்பவர்களுக்கும் கக்கூஸ் கழுவுபவர்களுக்கும். இதை எங்கும் எழுதி வைக்கவில்லை. எழுதி வைக்காததாலேயே யாரும் அதை மீறவும் இல்லை.

சந்திரமௌலி கோட்டைப் பகுதியில் ஒரு கம்பெனியில் ஹெட்கிளார்க். ஞாயிற்றுக்கிழமைகளில் கதர் உடுத்துவார். தீண்டாமை ஒழிய வேண்டும் என்று மாதுங்கா சங்கத்தில் பேசியிருக்கிறார். பொய்யாகப் பேசவில்லை, மனசாரத்தான் பேசினார். அந்தக் கட்டடத்தில் கோமதியைப் பெயர் சொல்லிக் கூப்பிட்ட ஒரே மனிதர் அவர். அந்தத் தைரியத்தில்தான் அவள் அவரிடம் கேட்டாள்.

"ஸ்டேஷனுக்கு நட. நான் பின்னால வரேன்" என்றார் அவர், தெருவை ஒரு முறை பார்த்துவிட்டு. ரயிலில் அவர் இரண்டாம் வகுப்பில் ஏறினார். அவள் மூன்றாம் வகுப்பில், கதவோரம் கூடைக்காரிகளுக்கு நடுவே குந்திக்கொண்டாள்.

அவள் கணவன் பூலோகம் தாராவியில் ஒரு தோல் ஷாப்பில் வேலை செய்தவன். திருநெல்வேலிச் சீமையிலிருந்து வந்து, ஊறப்போட்ட தோலிலிருந்து கத்தியால் சவ்வை வழித்தெடுக்கும் வேலையில் கை தேர்ந்தவன். வாய் பேசத் தெரியாத மனிதன் இல்லை, இந்திதான் வராது. தாராவியில் இந்தி இல்லாமலே பிழைக்க முடிந்தது. சுற்றிலும் ஊர்க்காரர்கள்தானே.

போன சித்திரை பிறந்த சமயத்தில், தோல் கட்டுகளை ஏற்றிக்கொண்டு போன வண்டியோடு துறைமுகத்துக்குப் போனான். அன்றுதான் அங்கே கப்பல் வெடித்தது. தாராவியில் கோமதியின் அடுக்குப்பானைகள் நடுங்கின. உலகச் சண்டை நடக்கிற காலம். சர்க்கார் வாயைத் திறக்கவில்லை, பத்திரிகைக்காரர்களையும் திறக்க விடவில்லை. செத்தவர் எத்தனை பேர், பிழைத்தவர் எங்கே என்று சொல்ல ஆளில்லை. புருஷன் போய்விட்டான் என்றே அவள் அழுதுகொண்டிருந்தபோது, யாருடையதோ இரத்தம் காய்ந்த சட்டையோடு பூலோகம் நடந்து வந்து சேர்ந்தான். காது கேட்கவில்லை. கூடப் போன வண்டிக்காரன் எங்கே என்று சைகையால் கேட்டதற்குத் தன் இரண்டு கைகளையும் விரித்துக் காட்டினான்.

காது திரும்ப வந்தது. மற்றது வரவில்லை. தகரம் விழுந்தால் குப்புறப் படுத்துக்கொள்வான். தூக்கத்தில் எழுந்து கோமதியைக் கட்டிலுக்கடியில் இழுத்துப் போடுவான். பகலில் ஒழுங்காக வேலைக்குப் போய் வந்தான். நாள் போனால் சரியாகிவிடும் என்று அவளும் இருந்தாள்.

மழைக்காலத்தில் ஒரு நாள், சயான் ரோட்டில் பட்டாள லாரி ஒன்றின் டயர் வெடித்தது. பூலோகம் பாய்ந்துபோய், ரோட்டில் நின்றிருந்த போலீஸ்காரனைக் கீழே தள்ளி, அவன் மேல் படுத்து மூடிக்கொண்டான். "எந்திரிக்காதீய! தலையத் தூக்காதீய!" என்று கத்தினான். அந்தப் போலீஸ்காரனுக்குத் தமிழ் தெரியாது. தன்னைக் காப்பாற்றுகிறான் என்பது அவனுக்கு எப்படித் தெரியும்? நாலைந்து பேர் சேர்ந்து பூலோகத்தைப் பிய்த்தெடுத்தார்கள். கோர்ட்டில் மாஜிஸ்திரேட் இந்துஸ்தானியில் கேட்டார். இவன் தமிழில் சொன்னான். டாக்டர் ஒருவர் இமையை விலக்கிப் பார்த்துவிட்டுக் கையெழுத்துப் போட்டார். சட்டம் என்று ஒன்று இருந்தது. அதன்படிதான் எல்லாம் நடந்தது. கோமதி விசாரித்து வருவதற்குள் அவனை நகரத்துக்கு வெளியே இருந்த அந்தப் பெரிய மதிலுக்குள் கொண்டுபோய் விட்டிருந்தார்கள்.

முதல் தடவை அவள் தனியாகத்தான் போனாள். கம்பிக்கு அந்தப் பக்கம் மொட்டைத் தலையோடு வந்து நின்றவனைப் பார்த்து முந்தானையை வாயில் திணித்துக்கொண்டாள். அவன்தான் முதலில் பேசினான்.

"அழாத, கோமதி. எனக்கு இப்பம் நல்லாருக்கு. வெடிச் சத்தம் கேட்டாக்கூட முன்ன மாதிரி இல்ல. நெஞ்சு அடிக்கும், அம்புட்டுதான். ஆனா இவனுவ என்ன விடமாட்டானுவ போலிருக்கே."

"ஏன்? என்ன செஞ்சிய?"

"செய்யச் சொன்னத செய்யல. அதான்."

அவனை உள்ளே சேர்த்த அன்று குமாஸ்தா ஒருவன் என்னென்னவோ கேட்டான். ஒன்றும் புரியவில்லை. கடைசியில், "ஜாத் க்யா?" என்றான். சாதி என்ன என்று கேட்கிறான், அது மட்டும் புரிந்தது. பம்பாய்க்கு வந்த நாளிலிருந்து அவனிடம் அடிக்கடி கேட்கப்பட்ட கேள்வி அதுதான். சொன்னான். குமாஸ்தா எழுதிக்கொண்டான். மறுநாள் விடிந்ததும் கையில் ஒரு வாளியையும் துடைப்பத்தையும் கொடுத்து, வார்டு கக்கூஸ்களைக் காட்டினார்கள்.

அங்கே எல்லோருக்கும் வேலை உண்டு. தறி நெய்கிறவர்கள் இருந்தார்கள், தோட்டத்தில் கொத்துகிறவர்கள் இருந்தார்கள். சமையல்கட்டில் மேல்சாதிப் பைத்தியங்கள் மட்டும். செருப்புத் தைக்கிற ஒரு கொட்டகைகூட இருந்தது. பூலோகம் அந்தக் கொட்டகையைக் காட்டி, தோலை வழிக்கிற மாதிரிக் கையை அசைத்துக் காட்டினான். காவலுக்கு நின்ற வார்டர்கள் சிரித்தார்கள். அவன் வாளியைக் கீழே வைத்தான். திரும்பக் கொடுத்தார்கள். திரும்ப வைத்தான். ஒரு வார்டர் பிடரியில் அடித்தான். இவன் கையைத் தட்டிவிட்டான். அன்றிலிருந்து தனிக் கொட்டடி, அரைச் சோறு. அவன் பேசும்போதெல்லாம் வார்டர்கள் "அண்டு குண்டு, அண்டு குண்டு" என்று அவனைப் போலவே பேசிக் காட்டினார்கள்.

"அந்த வேல செய்றவன் எவனும் மட்டமில்லட்டி" என்றான் பூலோகம், கம்பியைப் பிடித்துக்கொண்டு. "என்ன தெரியும்னு கேட்டுட்டு வாளியக் குடுத்திருந்தா, போவுது கழுதைன்னு செஞ்சிருப்பேன். என் சாதியக் கேட்டுல்லா குடுத்தானுவ."

கோமதி வார்டரிடம் தன் பம்பாய் இந்தியில் மன்றாடிப் பார்த்தாள். "மேரா ஆத்மி அச்சா ஹை, பாகல் நை" என்றாள், என் புருஷன் நல்லவன், பைத்தியமில்லை என்று. இங்கே வருகிற எல்லாப் பெண்டாட்டியும் இதைத்தான் சொல்கிறாள் என்றான் அவன். ஆஸ்பத்திரியை நடத்தும் துரையிடம் பேச வேண்டுமானால் இங்கிலீஷ் தெரிந்தவரை அழைத்து வா என்று யாரோ சொல்ல, அது ஒன்றே அவள் பிடித்துக்கொண்ட கயிறாயிற்று.

ஸ்டேஷனிலிருந்து ஆஸ்பத்திரி வரைக்கும் சந்திரமௌலி முன்னால் நடந்தார். வாசலில் நின்று, "நீ நடுவுல ஒண்ணும் பேசப்படாது. நான் பாத்துக்கறேன்" என்றார். அவருக்கே நெற்றி வியர்த்திருந்தது.

"சரி சாமி. கக்கூஸ் விஷயத்த மட்டும் விட்டுராதீய. அதுலதான் எல்லாம் நிக்கிது."

"எனக்குத் தெரியாதா?"

சூப்பரிண்டெண்டாக இருந்த துரை ஒரு மேஜர். நடுவயசு, சிவந்து உரிந்த மூக்கு, சலித்துப்போன கண்கள். சந்திரமௌலியை நாற்காலியில் உட்காரச் சொன்னார். கோமதி கதவுக்குப் பக்கத்தில் நின்றாள். இரண்டு வார்டர்கள் பூலோகத்தைக் கூட்டிவந்து மேஜைக்கு முன்னால் நிறுத்தினார்கள். ஒரு மாதத்தில் இன்னும் இளைத்திருந்தான்.

துரை காகிதத்தைப் பார்த்துப் படித்தார். சந்திரமௌலி முகம் சுளித்துத் திரும்பினார்.

"என்ன எழுதிருக்கு சாமி?"

"அர்த்தமில்லாத சத்தங்கள் போடறான்னு எழுதியிருக்கா."

"அது நம்ம பேச்சுல்லா! தமிழுன்னு சொல்லுங்க சாமி!"

அவர் சொன்னார். துரையின் புருவம் ஏறியது. சிரித்து ஏதோ சொன்னார். அவருக்கு உருது கொஞ்சம் வரும், இது வராது, வேடிக்கையாக இருக்கிறது என்றாராம். அவ்வளவு மாதங்கள் ஒரு மனிதனைக் கொட்டடியில் வைத்த வார்த்தை அந்த ஒரு சிரிப்பில் முடிந்துபோயிற்று. ஆனாலும் கோமதிக்குக் கதவு கொஞ்சம் திறந்த மாதிரி இருந்தது.

"நீ சொல்லுப்பா" என்றார் சந்திரமௌலி.

பூலோகம் கைகளைக் கட்டிக்கொண்டு நிதானமாகப் பேசினான். "எனக்குத் தலைக்குச் சரியில்லாமத்தான் இருந்துச்சு சாமி. இல்லைன்னு சொல்லல. கப்பல் வெடிச்சப்ப எம்பக்கத்துல நின்னவன் இல்லாமப் போயிட்டான். கண்ணு முன்னாலயே இல்லாமப் போயிட்டான். அந்தச் சத்தம் உள்ளயே கெடந்துச்சு. போலீஸ்காரர அடிக்கணும்னு விழல. அவரும் அப்பிடிப் போயிரக் கூடாதுன்னுதான் மேல விழுந்தேன். இப்பம் தெளிஞ்சிட்டு. எனக்குத் தோல் வேலை தெரியும். இங்கன தோல் கொட்டகை இருக்கு, அங்கன விட்டா ராப்பகலாச் செய்வேன். இவங்க என் சாதியக் கேட்டுக் கக்கூஸ் கழுவச் சொல்லுதாங்க. மாட்டேன்னா அடிக்காங்க. மாட்டேன்னு சொல்லுதது பைத்தியமா? இத மட்டும் தொரை கிட்ட கேட்டுச் சொல்லுங்க."

கோமதி சந்திரமௌலியின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தாள். பூலோகம் பேசியது ஒரு படி நெல் என்றால் அவர் வாயிலிருந்து வந்தது ஒரு கை அவல்தான். கடைசிக் கேள்விக்கு வந்தபோது அவர் தொண்டையைச் செருமினார், மேஜை விளிம்பைத் தடவினார். துரை தலையை ஆட்டி, நிறுத்தி நிதானமாக, அன்பாகவே பதில் சொன்னார்.

"என்ன சொல்லுதாரு?"

"துறைமுகத்துல கப்பல் வெடிச்சப்போ இவன் அங்கே இருந்தான்கறது அவருக்கு இன்னிக்குத்தான் தெரியும். வருத்தப்படறார். இவன் நன்னாத் தேறியிருக்கான்னு சொல்றார்." சந்திரமௌலியின் முகத்தில் வெளிச்சம் வந்தது. "ஒரு மாசம் அடங்கி, கொடுத்த வேலையை முகம் சுளிக்காமச் செஞ்சான்னா, தெளிஞ்சுட்டான்னு எழுதி விட்டுடறேங்கறார்."

"எந்த வேலைய?"

அவர் மேஜைமேல் இருந்த காகிதத்தைப் பார்த்தார்.

"கக்கூஸ் விஷயத்தச் சொன்னியளா சாமி?"

"சொன்னேன், சொன்னேன். சுகாதார வேலை இவனுக்குப் பிடிக்கலைன்னு மரியாதையாச் சொன்னேன். வேலைதான் இங்கே மருந்தாம். அவாவாளுக்குப் பழக்கப்பட்ட வேலையைக் கொடுத்தாத்தான் புத்தி நெலைக்கு வருமாம்."

"அவுகளுக்கு அது பழக்கப்பட்ட வேலை இல்லியே. தோல் வேலைல்லா?"

"துரைக்கு எல்லாம் ஒண்ணுதான் கோமதி. ரிஜிஸ்டர்ல சாதி போட்டிருக்கு. அதை எழுதினவன் துரை இல்லை, நம்ம மனுஷன்தான். அதைப் போய் இப்போ கிளறினா துரைக்குக் கோவம் வரும். எழுதினவனுக்கு அதைவிடக் கோவம் வரும். உள்ளே இருக்கறது யாரு, நானா? இவன்தானே."

அதில் நியாயம் இல்லாமல் இல்லை. அதுதான் அவளை அறுத்தது. சாதியைக் கேட்டுக் கொடுத்தார்கள் என்ற அந்த ஒரு வாக்கியத்தை அவர் சொல்லவே இல்லை. ஒரு வெள்ளைக்காரருக்கு முன்னால் அதைச் சொல்ல அவருக்குக் கூச்சமாக இருந்திருக்கும். நம்முடைய அழுக்கை அந்நியனிடம் காட்டுவானேன் என்று நினைத்திருப்பார். தன் ஜாதியும் அதில் ஒட்டிக்கொண்டிருக்கிறதே என்று தோன்றியிருக்கும். எது எப்படியோ, துரையின் காதுக்கு அது போகவில்லை. போயிருந்தாலும் துரை என்ன செய்திருப்பாரோ, அது கடவுளுக்கு வெளிச்சம்.

துரை கடிகாரத்தைப் பார்த்தார். வெளியே இன்னும் பலர் காத்திருந்தார்கள்.

கோமதி இரண்டெட்டு முன்னால் வந்தாள். வார்டர் தடுக்கவில்லை.

"செஞ்சிருங்க" என்றாள்.

பூலோகம் அவளைப் பார்த்தான்.

"ஒரு மாசந்தான். கண்ண மூடிக்கிட்டுச் செஞ்சிருங்க. வெளிய வந்திரலாம். ஒத்தையில எனக்கு முடியல."

"நீயுமா சொல்லுத?"

அவளால் அவன் முகத்தைப் பார்க்க முடியவில்லை. வார்டர்கள் தோளைத் தொட்டதும் தானாகத் திரும்பி நடந்தான். அவ்வளவு சாதுவாக நடந்தவனைப் பார்த்து துரை சந்திரமௌலியிடம் ஏதோ சொன்னார்.

"பாத்தியா? இப்பவே மாற்றம் தெரியறதாம்" என்றார் சந்திரமௌலி சந்தோஷமாக.

துரை சொன்ன சொல்லைக் காப்பாற்றினார். மாதம் கழிந்ததும் பூலோகத்தை வெளியே விட்டார்கள். கோமதி வாசலில் மாற்று வேட்டியோடு நின்று கூட்டிவந்தாள். வீட்டுக்கு வந்ததும் சாம்பலைப் போட்டு முழங்கை வரைக்கும் தேய்த்துக் கழுவினான். தண்ணீர் தீர்ந்த பிறகும் தேய்த்துக்கொண்டிருந்தான். அவள் போய்க் கையைப் பிடித்தாள். விலக்கிக்கொள்ளவில்லை, திருப்பிப் பிடிக்கவும் இல்லை. சத்தம் கேட்டால் இப்போது அவன் குப்புற விழுவதில்லை. சோறு போட்டால் சாப்பிட்டான், கூப்பிட்டால் திரும்பினான். பேச்சு மட்டும் இல்லை. செஞ்சிருங்க என்று தான் சொன்ன அந்த வார்த்தை அவர்கள் இருவருக்கும் நடுவில் மதில்போல நிற்பது அவளுக்குத் தெரிந்தது.

தோல் ஷாப்பில் மேஸ்திரியாக இருந்தவர் பூதத்தான். ஒரே ஊர்க்காரர், பூலோகத்தைப் பம்பாய்க்குக் கூட்டிவந்தவரே அவர்தான். கோமதி அவரைப் பார்க்கப் போனாள்.

"அண்ணாச்சி, அவுகளுக்கு நல்லாயிட்டு. தொரையே எழுதிக் குடுத்து விட்டுட்டாரு. நாளைக்கி வேலைக்கி அனுப்பட்டா?"

பூதத்தான் பீடியைத் தரையில் தேய்த்து அணைத்தார். "எனக்கு அவன் மேல வருத்தமா தாயி? எந்தம்பி மாதிரி. ஆனா கத்தி பொழங்குத எடம். பக்கத்துல நிக்க இவனுவ பயப்படுதானுவ. அந்த மதிலுக்குள்ள போயிட்டு வந்தவன்னு பேராயிப்போச்சே."

"தெளிஞ்சிட்டுன்னு எழுதிருக்கு அண்ணாச்சி."

"தெளிஞ்சிட்டுன்னா, முன்ன இருந்துச்சுன்னுதான அர்த்தம்?"

பைத்தியமில்லை என்று சொல்லியிருந்தால் வெளியே விட்டிருக்க மாட்டார்கள். தெளிந்துவிட்டது என்று சொன்னால் ஷாப்புக்குள்ளே சேர்த்துக்கொள்ள மாட்டார்கள். எந்தப் பக்கம் போனாலும் சுவர்தான் இருந்தது. மற்றத் தோல் ஷாப்புகளிலும் கேட்டாள். அங்கெல்லாம் செய்தி அவளுக்கு முன்னாலேயே போயிருந்தது.

இதெல்லாம் சந்திரமௌலிக்கும் தெரியவந்தது. அவள் சொல்லித்தான். கேட்டு மிகவும் வருத்தப்பட்டார். அடுத்த வாரம், "ஞாயித்துக்கிழமை அவனையும் அழைச்சுண்டு வா. ஒரு ஏற்பாடு பண்ணியிருக்கேன்" என்றார். அவர் கம்பெனியில் ப்யூன் வேலையாக இருக்குமோ, கிடங்கு வேலையாக இருக்குமோ என்று கோமதி நினைத்துக்கொண்டாள். பூலோகத்தின் சட்டையைத் துவைத்துக் காயவைத்தாள். "பெரிய மனுசரு. ஒங்களுக்காவ அம்புட்டுத் தூரம் வந்தாருல்லா. ஒரு கும்பிடாவது போடணும்" என்று சொல்லி அவனைக் கூட்டிப்போனாள். அவனும் வந்தான்.

கட்டடத்தின் பின்புறம், இரும்புப் படியடியில் நின்றார்கள். சந்திரமௌலி இறங்கி வந்தார். மேலே சமையலறை ஜன்னலில் விஜயலக்ஷ்மி தெரிந்தாள்.

"வா பூலோகம், வா. உடம்பு தேவலையா?" என்றார். "பார், உனக்காக நான் பில்டிங்காரா அத்தனை பேர்கிட்டயும் பேசினேன். லேசுல சம்மதிக்கலை. இவன் பரம சாது, நான் நேர்ல பாத்தேன், துரையே சர்டிபிகேட் கொடுத்திருக்கார்னு அடிச்சுச் சொன்னேன். கக்கூஸ் கழுவற ஆள் போன மாசம் ஊருக்குப் போயிட்டான், திரும்பலை. அந்த வேலை உனக்குத்தான். மாசச் சம்பளம். கோமதியும் இங்கேயே இருக்கா, சேந்து வந்து சேந்து போகலாம். அங்கே செஞ்சு கையும் பழகியிருக்கும்."

கோமதி அவர் முகத்தைப் பார்த்தாள். அதில் துளிக் கேலியும் இல்லை. ஒரு நல்ல காரியம் செய்துவிட்ட நிறைவுதான் இருந்தது. அது கேலியாக இருந்திருந்தால் அவளுக்கு எவ்வளவோ மேலாக இருந்திருக்கும்.

"மாட்டேன்" என்றான் பூலோகம்.

வெளியே வந்த பிறகு அவன் பேசிய முதல் வார்த்தை அது.

"என்னப்பா? சம்பளம் போறலையா?"

"மாட்டேன்னு சொல்லுதேன். இப்பம் எங்கள என்ன செய்விய? போலீசக் கூப்பிடுவியளா, தொரையக் கூப்பிடுவியளா?"

சந்திரமௌலியின் வாய் திறந்தபடி நின்றது. "நான் உன் நல்லதுக்குன்னா அலைஞ்சேன்..." என்று தொடங்கிவிட்டுக் கோமதியைப் பார்த்தார். "நீயாவது சொல்லு கோமதி. அன்னிக்கு நீ சொன்னப்புறம்தானே கேட்டான்."

கோமதிக்கு அன்றைக்கு அந்த அறையில் எழும்பாத குரல் இப்போது எழும்பியது.

"அன்னைக்கிச் சொன்னேன். பயந்துக்கிட்டுச் சொன்னேன். அந்தப் பாவம் என்னோட போவட்டும். அன்னைக்கி நீங்களும் ஒண்ணு சொல்லாம விட்டிய. சாதியக் கேட்டுக் குடுத்தானுவன்னு அவுக சொன்னாவ. அத மட்டும் முழுங்கிட்டிய. இப்பம் தெரியுது, ஏன் முழுங்கினியன்னு."

அவள் சாமி என்று சொல்லவில்லை என்பதை அவர் கவனித்தாரோ என்னவோ, முகம் கறுத்துவிட்டது.

மேலே ஜன்னலிலிருந்து குரல் வந்தது. "நான் அப்போவே சொன்னேனே, கேட்டேளா? கண்ணைப் பாருங்கோ. இன்னும் முழுசாத் தெளியலை. மேல வந்துடுங்கோ, கையை கிய்யை ஓங்கிடப் போறான்."

பூலோகத்தின் கைகள் இரண்டும் அவன் பக்கங்களில் அசையாமல் தொங்கின. சந்திரமௌலி அந்தக் கைகளைப் பார்த்தார். பார்த்தபடியே ஒரு படி பின்னால் ஏறினார். பிறகு இன்னொரு படி.

கோமதியும் பூலோகமும் வெளியே நடந்தார்கள். கிங்ஸ் சர்க்கிளில் ஒரு டிராம் கிரீச்சிட்டுத் திரும்பியது. அவன் உடம்பு ஒருமுறை குலுங்கியது. கோமதியின் கையைப் பிடித்துக்கொண்டான். சத்தம் போன பிறகும் விடவில்லை.

"பசிக்கிதாட்டி?" என்றான்.

மறுநாள் அவள் மாதுங்காவுக்குப் போகவில்லை. அதற்கு மறுநாளும் போகவில்லை. ஆண்டாப் ஹில் பக்கத்துக் கிடங்கில் மூட்டை தூக்க ஆள் எடுத்தார்கள். அங்கே இருந்த கரீம் பாட்சா என்ற மேஸ்திரி, முதுகு பலமாக இருக்கிறதா என்று மட்டும் கேட்டார். பூலோகம் மூட்டை தூக்கினான். கோமதி சிந்திய தானியத்தைக் கூட்டிப் புடைத்தாள். கூலி முன்னைவிடக் குறைவு. முதுகு வலி கூடுதல்.

மாதுங்காக் கட்டடத்தில் படிகளில் குப்பை சேர்ந்தது. பெருக்க ஒரு ஆள் கிடைப்பதற்குள் பெரிய பாடாகிவிட்டது. நல்ல சம்பளம், நல்ல மனிதர்கள், எதை வேண்டாமென்று விட்டுப் போனாள் என்று குடியிருந்தவர்கள் மாலை வேளைகளில் பேசிக்கொண்டார்கள். யாருக்கும் காரணம் விளங்கவில்லை. ஒரு நாள் விஜயலக்ஷ்மிதான் அதை விளங்கவைத்தாள்.

"பாவம், நன்னாத்தான் இருந்தா. அவனோடயே இருந்து இருந்து இவளுக்கும் பிடிச்சுடுத்து."

எல்லோரும் தலையை ஆட்டினார்கள். சந்திரமௌலியும் ஆட்டினார்.